தீர்மான நோட்டில் விட்ட இடம்

எங்கள் கட்சியில் தலைவரைத் தேர்ந்தெடுப்பது சுலபம். முதலில் எல்லோரும் கையெழுத்துப் போட்டுவிடுவோம். பெயர் பிறகு வரும்.

இருபத்திரண்டு வருடமாகத் தீர்மான நோட்டு என் கையில்தான் இருக்கிறது. குன்னூர் பஜாரில் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவன், எழுத்து அழகாக இருக்கும் என்று யாரோ சொல்லி என்னை மாட்டிவிட்டார்கள். 'ஒன்றியச் செயலாளராக' என்று எழுதி, நான்கு விரல் அகலம் இடம் விட்டு, 'அவர்களை இக்கூட்டம் ஏகமனதாகத் தேர்வு செய்கிறது' என்று முடிப்பேன். வருகிறவர்கள் வாசலிலேயே கையெழுத்துப் போட்டுவிட்டு, டீயும் வடையும் வாங்கிக்கொண்டு உள்ளே போவார்கள். மேலிடத்திலிருந்து போன் வந்ததும், விட்ட இடத்தில் பெயரை எழுதுவேன். ஆரம்பத்தில் அசிங்கமாகப் பட்டது. பிறகு, மழை வந்தால் கரண்ட் போவது பழகிப்போன மாதிரி இதுவும் பழகிவிட்டது.

போன மழைக்காலத்தில் பழைய செயலாளர் இறந்துபோனார். அந்த இடத்துக்கு நியாயமான ஆள் என் நண்பர்தான். எஸ்டேட் தொழிலாளி. சின்ன வயதில் இலங்கைத் தோட்டத்திலிருந்து குடும்பத்தோடு திரும்பி வந்தவர். முப்பது வருடம் இந்தக் கட்சிக்குக் கொடி கட்டியவர். அவருக்குப் பதவி ஆசை இல்லை என்று நான் பொய் சொல்ல மாட்டேன், இருந்தது. அதைவிடப் பெரிய கவலையும் இருந்தது. வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர்கள் கம்பெனி கொடுத்த லயத்து வரிசை வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்று எஸ்டேட்டில் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். அவர் லயத்தில் மட்டும் பதினோரு குடும்பம். அவருக்கே அடுத்த வருடம் ஓய்வு.

"சும்மா தொழிலாளியா போய் நின்னா ஆபீஸ்ல உக்காரக்கூடச் சொல்ல மாட்டேங்குறாங்க அண்ணே. செயலாளர்னு போனா ஒரு நாற்காலியாவது போடுவாங்க. உக்காந்து பேசிப் பார்க்கலாம்" என்றார் ஒரு நாள், கடையில் நின்றபடி.

"இந்தத் தடவை உங்க பேர நானே எந்திரிச்சுச் சொல்றனுங்க தம்பி. ஆரு தடுக்கறாங்கன்னு பாப்போம்" என்றேன். அந்த நேரத்தில் அதை மனதாரத்தான் சொன்னேன்.

கல்யாண மண்டபத்தில் கூட்டம். கீழே சமவெளியிலிருந்து வந்திருந்த மேலிடப் பார்வையாளர் கம்பளிக் குல்லாவுக்குள் நடுங்கிக்கொண்டிருந்தார். தேய்த்த வேட்டி சட்டையில் முதல் ஆளாக வந்து என் நண்பர் கையெழுத்துப் போட்டார். தீர்மானத்தில் நான் விட்டிருந்த இடத்தை ஒரு தரம் பார்த்தார்.

"இனிஷியலோட எழுத இடம் பத்துமான்னு பாத்துக்கங்க" என்று கிண்டல் செய்தேன். வெட்கப்பட்டுச் சிரித்தார்.

பதினோரு மணிக்குப் போன் வந்தது. பார்வையாளர் எழுந்து நின்று, "சரிங்கண்ணா, சரிங்கண்ணா" என்று கேட்டுக்கொண்டு, எங்கள் பக்கம் திரும்பி ஒரு பெயரைச் சொன்னார். ஜெகதளா பக்கம் தங்கும் விடுதி கட்டிக்கொண்டிருப்பவர். கட்சிக்கு வந்து இரண்டு வருடம்கூட ஆகவில்லை. அன்றைக்குக் கூட்டத்துக்கே வரவில்லை, மகாராசன்.

"வேற யார் பேராச்சும் சொல்றதா இருந்தா சொல்லலாம்" என்றார் பார்வையாளர், மரியாதைக்காக.

நண்பர் வேறு யாரையும் பார்க்கவில்லை. என்னை மட்டும் பார்த்தார். நான் குனிந்து எழுத ஆரம்பித்தேன். எழுதி முடித்த பிறகும் நிமிரவில்லை. அந்தப் பெயரின் மேலேயே பேனாவைத் திரும்பத் திரும்ப ஓட்டிக்கொண்டிருந்தேன். பயந்துவிட்டேன் என்றால்கூடக் கொஞ்சம் கௌரவமாக இருக்கும். பயமில்லை. எழுந்தால் பேச வேண்டும், பேசினால் வாக்குவாதம் வரும், எல்லாம் முடிந்து கடைசியில் அதே பெயர்தான் வரும். அந்த அலுப்பு என்னை நாற்காலியோடு அழுத்திப் பிடித்துக்கொண்டது. கைதட்டல் கேட்டபோதுதான் தலையைத் தூக்கினேன். அவரும் தட்டிக்கொண்டிருந்தார்.

ஊர் திரும்ப எங்கள் இருவருக்கும் ஒரே பஸ். வேறு சீட் காலியாக இருந்தும் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். எனக்கு வெட்கமாக இருந்தது. இரண்டாவது வளைவில் அவர் பக்கம் திரும்பினேன்.

"தம்பி, நான் எந்திரிக்கலாம்னுதானுங்க..."

"விடுங்கண்ணே. அந்நேரம் நீங்க எழுதிக்கிட்டுல்ல இருந்தீங்க" என்றார். குரலில் குத்தல் எதுவும் இல்லை. லயத்துக்குப் பிரியும் நிறுத்தத்தில், வழக்கம்போல என் தோளைத் தொட்டு, "வாறேண்ணே" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

அன்றைக்கு நான் எழுத வேண்டியிருந்தது ஒரே ஒரு பெயர். மற்ற எல்லாம் காலையிலேயே நோட்டில் இருந்தது, அவருடைய கையெழுத்து உட்பட. அது அவருக்கும் தெரியும்.