நீல ஆட்டுக்குப் பதினோரு டோக்கன்

கண் ஆஸ்பத்திரியில் அவளை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. டோக்கன் அக்கா என்றால்தான் தெரியும். காத்திருக்கும் கூடத்தில், உயரமான மேசைக்குப் பின்னால் நின்று நம்பர் கூப்பிடுவது இருபத்து மூன்று வருடமாக அவள் வேலை. மைக் கிடையாது, தேவையும் இல்லை. "நாப்பத்திரெண்டு!" என்று ஒரு குரல் கொடுத்தாளானால், கண்ணில் மருந்து விட்டுக்கொண்டு சாய்ந்து கிடப்பவர்கூட விருட்டென்று நிமிர்ந்து தன் சீட்டைத் தடவிப் பார்ப்பார்.

நாற்பத்தொன்று போகாமல் நாற்பத்திரண்டு உள்ளே போனதாகச் சரித்திரமே இல்லை. பெரிய டாக்டரின் மாமியார் ஒருமுறை நேராக மேசைக்கு வந்து, "நான் யாருன்னு தெரியுதா?" என்று கேட்டார்.

"தெரியுதே. அம்பத்தாறு. உட்காருங்கம்மா" என்றாள் டோக்கன் அக்கா.

வீட்டிலும் அதே சட்டம்தான். ஒரு சோப்பு கரைந்து முடியாமல் அடுத்ததைப் பிரிக்க முடியாது. அவள் கணவர் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவர். வழியில் யார் குறுக்கே வந்தாலும் ஹாரன் அடித்தே ஒதுக்கிவிடுவார். அந்த மனிதர் காலையில் குளியலறைக்குப் போக, "இப்ப நான் போலாமா?" என்று கேட்டுக்கொண்டு நிற்பார். இருப்பதே இரண்டு பேர்.

இப்படிப்பட்டவளின் கணுக்கால் எலும்பு ஆஸ்பத்திரிப் படியிலேயே முறிந்து, ஆறு வாரம் வீட்டில் கிடக்கும்படி ஆனது. கூப்பிட ஆள் இல்லாமல் அவள் தவித்த தவிப்பைக் கணவரால் பார்க்க முடியவில்லை. பழுது பார்க்கும் கடைக்குப் போய், கையில் வைத்து ஆடும் பழைய கேம் பெட்டி ஒன்றை வாங்கி வந்தார். கடைக்காரருக்கு ஸ்க்ரூ என்று பட்டப்பெயர். காதிடுக்கில் எப்போதும் ஒரு திருப்புளி இருக்கும்.

"இது மோட் பண்ணினது சார்" என்று ஸ்க்ரூ சொல்லி அனுப்பியிருந்தார். "கம்பெனி போட்ட பூட்டை எடுத்தாச்சு. எதை வேணும்னாலும் மெமரி கார்டுல ஏத்தி ஆடலாம். ஆனா இன்டர்நெட் பக்கம் தலை வச்சுப் படுக்கக் கூடாது. கம்பெனிக்காரன் கண்ணுல பட்டா அன்னைக்கே பெட்டியை முடக்கிடுவான்."

டோக்கன் அக்கா உடனே ஒரு சீட்டில் 'இன்டர்நெட் – அனுமதி இல்லை' என்று எழுதிப் பெட்டியின் முதுகில் ஒட்டினாள்.

அதில் அவளுக்குப் பிடித்துப்போனது ஆடு மேய்க்கிற விளையாட்டு ஒன்று. உங்களுக்கென்று ஒரு மலைச்சரிவு. அங்கே ஆடு வளர்க்கலாம், கம்பளி வெட்டலாம், ஒரு நிறத்தையும் இன்னொரு நிறத்தையும் சேர்த்துக் குட்டி போட வைக்கலாம். எலும்பு கூடி அவள் வேலைக்குத் திரும்பினாள், மலையை விடவில்லை. மதிய இடைவேளையில் மருந்து அலமாரிக்குப் பின்னால் உட்கார்ந்து மேய்த்தாள். மூன்று வருடம் சாம்பலையும் வெள்ளையையும் ஊதாவையும் மாற்றி மாற்றிச் சேர்த்ததில், ஒரு மதியம், நீல நிறத்தில் ஒரு குட்டி பிறந்தது. ஆயிரத்தில் ஒன்று அப்படிப் பிறக்குமாம். அன்று அவள் போட்ட சத்தத்தில் நூற்று மூன்றாம் நம்பர்க்காரர் தன்னைத்தான் கூப்பிட்டார்கள் என்று டாக்டர் அறைக்குள் போய்விட்டார்.

சந்தோஷத்தில் அவள் செய்த தப்பு, அதை அண்ணியிடம் சொன்னது.

அண்ணி என்பது கணவரின் அக்கா. பக்கத்து ஊர் ஹோட்டலில் துணி வெளுக்கும் பிரிவுக்கு மேற்பார்வை. தம்பி வீட்டில் கேம் பெட்டி வந்த மறுமாதமே அவளும் ஒன்று வாங்கி, அதே விளையாட்டைத் தொடங்கிவிட்டாள். "என்னுது ஒரிஜினல். அப்டேட் எல்லாம் தானா வந்து உட்காரும்" என்பது அவள் வாயில் அடிக்கடி வரும் வசனம்.

"நீலத்துல ஆடா?" என்றாள் அண்ணி போனில். "ஏம்மா, கண் ஆஸ்பத்திரியிலேயே குப்பை கொட்டுற. ஒரு நாளாவது உன் கண்ணைக் காட்டக் கூடாதா?"

"சத்தியமா நீலம் அண்ணி. போட்டோ அனுப்புறேன்."

"போட்டோவா? அந்த விளையாட்டுல ஆட்டுக்குச் சாயம் பூசலாம்னு எனக்குத் தெரியாதா? என்கிட்டயே கதை விடுற."

சாயம் பூசலாம் என்பது உண்மைதான். ஆனால் பூசிய சாயம் சொந்தக்காரர் திரையில் மட்டும்தான் தெரியும். வேறொருவர் தன் பெட்டியோடு பக்கத்தில் உட்கார்ந்து, இன்டர்நெட் இல்லாமலே இரண்டு பெட்டியையும் இணைத்து மலைக்கு விருந்தாளியாக வந்தால், அவர் திரையில் ஆடு பிறந்த நிறத்திலேயே நிற்கும். ஆகவே அண்ணி வந்து பார்த்தால்தான் உண்டு.

அடுத்த முறை அண்ணி வந்தபோது இணைத்தும் பார்த்தார்கள். 'இரண்டு பெட்டிகளிலும் விளையாட்டின் பதிப்பு வேறு' என்று திரை கையை விரித்துவிட்டது. டோக்கன் அக்காவுடையது வாங்கிய நாளில் இருந்தபடி, ஓர் அப்டேட்டும் போடாத ஆதிப் பதிப்பு.

"பார்த்தியா, உன்னுதுதான் பழசு" என்றாள் அண்ணி. அதோடு விட்டாளா? குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில், 'என் தம்பி பொண்டாட்டி நீல ஆடு வளர்க்கிறாளாம், பார்க்க விரும்புறவங்க டோக்கன் வாங்கிக்கவும்' என்று எழுதிவிட்டாள். அன்றிலிருந்து சொந்தக்காரர்கள் எல்லோரும் அவளுக்குக் காலை வணக்கத்தோடு ஓர் ஆட்டுப் படமும் அனுப்ப ஆரம்பித்தார்கள். பச்சை ஆடு, புள்ளி வைத்த ஆடு, தொப்பி போட்ட ஆடு. பொய் சொல்லி வாங்கிக் கட்டிக்கொண்டாலாவது மனசு ஆறும். வாழ்க்கையில் ஒரு நம்பரைக்கூட மாற்றிச் சொல்லாதவளுக்கு இது பொறுக்கவில்லை.

"அடுத்த வாரம் ஞாயித்துக்கிழமை வாங்க அண்ணி. அதுக்குள்ள அப்டேட் பண்ணிடறேன். நீலமா இருந்தா நீங்களே குரூப்புல எழுதணும்."

"எழுதுறேன். இல்லன்னா நீ எழுதணும்."

மோட் பண்ணின பெட்டியில் அப்டேட் தானாக வந்து உட்காராது. கோப்பைக் கார்டில் ஏற்றி நாம்தான் போட வேண்டும். அன்றே ஸ்க்ரூவிடம் கேட்டு வைத்தாள். அவரோ மறுநாளே கடையைப் பூட்டிவிட்டு, வலது கண்ணில் புரை எடுத்துக்கொண்டுவிட்டார். அதுவும் இதே ஆஸ்பத்திரியில். திங்கட்கிழமை கறுப்புக் கண்ணாடியோடு பரிசோதனைக்கு வந்தார். அவருக்குப் பதினெட்டாம் நம்பர்.

"கேட்ட கார்டு இந்தாங்கக்கா" என்று சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். "ஆபரேஷனுக்கு முன்னாடியே ஏத்தி வச்சுட்டேன். திரையைப் பார்க்கக் கூடாதுன்னுட்டாங்க, நீங்களே போட்டுக்கணும். பதினோரு அப்டேட் இருக்கும். கடைசியை மட்டும் போடுங்க, முன்னாடி வந்ததெல்லாம் அதுக்குள்ளயே அடக்கம்."

"அதெப்படி? பத்து வெளியில நிக்கும்போது பதினொண்ணை உள்ளே விடுறது?"

"அக்கா, இது பேஷன்ட் இல்ல. ஃபைல்."

"எதுவா இருந்தா என்ன. பத்தொன்பதாம் நம்பரை உங்களுக்கு முன்னாடி அனுப்பட்டுமா?"

ஸ்க்ரூ தன் சீட்டைச் சட்டைப் பைக்குள் பத்திரமாக வைத்துக்கொண்டார். "சரி, உங்க இஷ்டம். ஆனா ஒவ்வொண்ணும் போடுறதுக்கு முன்னாடி உங்க மலையை அப்படியே ஒரு காப்பி எடுத்து வச்சுக்கோங்க. புது வெர்ஷன்ல ஒருதடவை திறந்த மலை பழைய வெர்ஷன்ல திறக்காது. ஏதாவது ஏடாகூடமா ஆனா, மூணு வருஷ ஆடும் போச்சு" என்றார்.

டோக்கன் அக்கா 'முதலில் காப்பி' என்று ஒரு சீட்டில் எழுதிக் கார்டோடு சேர்த்து வைத்தாள். ஆனாலும் வரிசை வரிசைதான்.

செவ்வாயிலிருந்து மதிய இடைவேளை முழுக்க அதே வேலை. முதலில் மலையைக் காப்பி எடுப்பாள். மேசையில் ஒரு டோக்கன் சீட்டு வைப்பாள். "ஒண்ணு!" என்று சன்னமாகக் கூப்பிட்டு அப்டேட்டைப் போடுவாள். திரை கறுத்து, ஒரு கோடு இடமிருந்து வலமாக ஊர்ந்து முடியும்வரை மூச்சு விடமாட்டாள். பிறகு மலையைத் திறந்து ஆடுகளைத் தலை எண்ணிப் பார்த்து, நீல ஆடு நிற்கிறதா என்று இரண்டு முறை பார்த்து, சீட்டைக் கிழிப்பாள். ஆறாவதில் கோடு பாதியில் நின்றுவிட்டது. மூக்குக் கண்ணாடி பரிசோதிக்கும் பெண்மணி வந்து, "என்னக்கா, வீட்டுல யாருக்காவது உடம்பு சரியில்லையா?" என்று விசாரிக்கிற அளவுக்கு முகம் போய்விட்டது. பார்த்தால், சார்ஜ் தீர்ந்திருந்தது.

சனிக்கிழமை பதினொன்றாவதும் உள்ளே போனது. ஆடுகள் முப்பத்தெட்டும் பத்திரம். அப்போதுதான் இன்னொன்று அவள் நினைவுக்கு வந்தது. மலையில் ஒரு கறுப்புப் பெட்டை ஆடு உண்டு. தீனித் தொட்டியில் எல்லாரையும் முட்டித் தள்ளிவிட்டுத் தானே முதலில் நிற்கும். தின்று முடித்தபின் சும்மா நிற்கிற ஆட்டையும் ஒரு முட்டு முட்டும். மூன்று வருடம் முன்பு, ஏதோ ஒரு கோபத்தில், அதற்கு அவள் வைத்த பெயர் 'அண்ணி'. பெயர் தலைக்கு மேலே பலகை மாதிரி தெரியும்.

அவசர அவசரமாக அதை 'மல்லிகை' என்று மாற்றினாள்.

ஞாயிறு மதியம் அண்ணி வந்தாள். டீ ஆறட்டும் என்று வைத்துவிட்டு, இருவரும் பெட்டியை எடுத்துக்கொண்டு சோபாவில் உட்கார்ந்தார்கள். கணவர் செய்தித்தாளைத் தூக்கி முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டார். இணைத்தார்கள்.

'இரண்டு பெட்டிகளிலும் விளையாட்டின் பதிப்பு வேறு.'

"நான் சொல்லல?" என்றாள் அண்ணி. "இன்னும் பழசு."

"இருக்கவே முடியாது. பதினொண்ணுதான் கடைசி." டோக்கன் அக்கா எட்டி அண்ணியின் திரை ஓரத்தைப் பார்த்தாள். பதிப்பு ஏழு என்று இருந்தது. "அண்ணி, உங்களுதுதான் ஏழுல நிக்குது. தானா வந்து உட்காரும்னீங்களே?"

"அது... எங்க ஏரியாவுல சிக்னல் சரியில்ல."

"எங்க வீட்டுல நல்லா இருக்கே. பாஸ்வேர்டு சொல்லட்டுமா?"

"ஐயோ, வேண்டாம்! தொடாதே!" என்று அண்ணி பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டாள். அணைத்ததில் பெட்டியின் முதுகு இந்தப் பக்கம் திரும்பியது. அங்கே ஒரு பிளாஸ்திரி. அதன்மேல் அண்ணியின் கையெழுத்தில்: 'நெட் கூடாது.'

செய்தித்தாள் மெல்ல இறங்கியது. "அக்கா, உன்னுதும் மோடா?"

"ஒரிஜினல் என்ன விலை விக்குதுன்னு உனக்குத் தெரியுமாடா?" என்று தம்பியின்மேல் பாய்ந்தாள் அண்ணி. "அந்தக் கடைக்காரன் ஏழோட நிறுத்திட்டு வேற தொழிலுக்குப் போயிட்டான். நான் என்ன பண்ணட்டும்? சரி விடு. இணையாதுன்னா இணையாது. நீல ஆடு இல்லன்னு நீயே எழுதிடு."

டோக்கன் அக்கா எழுந்து உள்ளே போனாள். திரும்பி வந்தபோது கையில் கார்டு இருந்தது. அண்ணி தன் பெட்டியைத் தொட விடமாட்டாள்; இவள் தன்னுடையதை ஏழுக்கு இறக்கலாம். பதினொன்றை மட்டும் போட்டிருந்தால் அன்று கதை முடிந்திருக்கும். கையில் ஆதிப் பதிப்பின் மலையும் பதினோராம் பதிப்பின் மலையும்தான் இருந்திருக்கும். அவள் வரிசையில் வந்தவள். எட்டாவதைப் போடுவதற்கு முன் எடுத்த காப்பி, ஏழாம் பதிப்பில் திறந்த மலை, முப்பத்தெட்டு ஆடுகளோடு அப்படியே கார்டில் இருந்தது. பதினொன்றைக் கழற்றினாள். வீடு அதிர, ஆஸ்பத்திரிக் குரலில், "ஏழு!" என்று கூப்பிட்டுப் போட்டாள்.

இணைந்தது. அண்ணியின் சிறிய உருவம் தொப்பியும் கோலுமாக மலை வாசலில் வந்து நின்றது. டோக்கன் அக்காவுக்குப் பெருமை தாங்கவில்லை. "வாங்க அண்ணி, வாங்க, தொட்டிக்கு இந்தப் பக்கம்..." என்றவள் பாதியில் நின்றாள்.

பெயரை மாற்றியது சனிக்கிழமை. காப்பி எடுத்தது அதற்கு இரண்டு நாள் முன்னால்.

தொட்டியிலிருந்து கறுப்பு ஆடு தலையைத் தூக்கியது. தலைக்கு மேலே பலகை.

"இது யாரும்மா?" என்றாள் அண்ணி.

"பஸ்ஸுக்கு டீசல் போடணும்" என்று கணவர் எழுந்தார். ஞாயிற்றுக்கிழமை பஸ் டிப்போவில் நிற்கும்.

"உட்காருடா. இது யாருன்னு கேட்டேன்."

"அது வந்து அண்ணி... மலையிலேயே கம்பளி அதிகமா குடுக்கிற ஆடு அதுதான். ஒரு மரியாதைக்காக..."

கறுப்பு ஆடு அந்த நேரம் பார்த்து, சும்மா நின்ற ஒரு குட்டியை முட்டி ஓடையில் தள்ளியது.

"மரியாதை நல்லாத்தான் தெரியுது" என்றாள் அண்ணி. சொல்லிவிட்டுத் தன் உருவத்தை மேட்டில் ஏற்றினாள். அங்கே, பாறைக்குப் பக்கத்தில், அது நின்றது. அண்ணியின் திரையிலும் நீலமாகவே நின்றது. அண்ணி பெட்டியைக் கிட்டே கொண்டுவந்து பார்த்தாள். தூர வைத்துப் பார்த்தாள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு பார்த்தாள்.

"ஊதா மாதிரி இல்ல?"

டோக்கன் அக்கா கைப்பையைத் திறந்து ஒரு சீட்டை எடுத்து அவள் மடியில் வைத்தாள். "நாளைக்கு ஒண்ணாம் நம்பர், அண்ணி. இப்படி முன்கூட்டி யாருக்கும் குடுத்ததில்ல. பெரிய டாக்டரே பார்ப்பார்."

அண்ணிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அடக்கப் பார்த்து, முடியாமல், தோள் குலுங்கச் சிரித்தாள். பிறகு போனை எடுத்து ஒவ்வோர் எழுத்தாகத் தட்டினாள். 'நீலம்தான். என் கண்ணால பார்த்தேன். இனிமே அவளுக்கு யாரும் ஆட்டுப் படம் அனுப்பக் கூடாது. அவ ஆடுங்களுக்கு வைக்கிற பேரைப் பத்தி நான் தனியா பேசிக்கிறேன்.'

டோக்கன் அக்கா அதை இரண்டு முறை படித்தாள். "சரி அண்ணி, அடுத்தது என் முறை. உங்க மலைக்கு நான் வரேன், கதவைத் திறங்க."

அண்ணி படக்கென்று பெட்டியை அணைத்தாள்.

"இன்னைக்கு வேண்டாம்மா. அங்க ரெண்டு மூணு ஆட்டுக்குப் பேர் மாத்த வேண்டியிருக்கு."