தம்பி சுட்ட யாகிடோரி

என் தம்பிக்கு முடி வெட்டும் கடை. நாற்காலியில் உட்காருகிறவர் சிரிக்காமல் எழுந்து போனால் அவனுக்கு அன்றைக்கு வேலை செய்த மாதிரியே இருக்காது. பெண்டாட்டி பிரிந்து போன அன்றும் கடையைத் திறந்து வைத்துக்கொண்டு, "இனிமே டிவி ரிமோட் எனக்குத்தான்" என்று வாடிக்கையாளரிடம் கதையளந்தவன். அழ வேண்டிய இடத்தில் இளிக்கிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

அவன் மகளுக்கு ஒன்பது வயது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் அப்பாவிடம் வருவாள். அம்மாவுக்கு இப்போது வேறு ஊரில் வேலை கிடைத்துவிட்டது. யாரோடு இருக்க விருப்பம் என்று திங்கட்கிழமை நீதிபதி குழந்தையிடமே கேட்கப்போகிறார். அம்மாவோடு போனால், இனி பள்ளி விடுமுறைக்குத்தான் பார்க்க முடியும். இது தெரிந்ததிலிருந்து தம்பிக்குத் தூக்கம் போய்விட்டது.

"நான் அவகிட்ட எதுவும் கேக்க மாட்டேன்க்கா. அவளுக்குப் புடிச்சதைச் செஞ்சு போடுவேன், அவ்ளோதான்" என்றான்.

அவளுக்குப் பிடித்தது யாகிடோரி. ஜப்பான்காரர்கள் கோழியை மூங்கில் குச்சியில் கோத்துக் கரியில் சுடுகிறார்களே, அது. அம்மாவோடு ஏதோ ஹோட்டலில் சாப்பிட்டுவிட்டு வந்து வாய் ஓயாமல் அதையே சொல்லிக்கொண்டிருந்தாள். என் தம்பிக்கோ முட்டை அவிக்கவே ஆள் வேண்டும். வீடியோ பார்த்து வாரம் முழுக்கச் செய்து பார்த்தான். முதலில் நெஞ்சுக்கறி போட்டான், செருப்பு மாதிரி வந்தது. அடுத்த தடவை குச்சியைத் தண்ணீரில் ஊறவைக்க மறந்தான், கோழிக்கு முன்னால் குச்சி எரிந்தது. இரண்டையும் தின்று தொலைத்தவள் நான்.

ஞாயிறு மத்தியானம் பால்கனியில் அடுப்பு வைத்தோம். தொடைக்கறியை நான் துண்டு போட்டேன். அவன் வெங்காயத்தாளைக் கொத்தாக இரண்டு விரலுக்கு நடுவில் பிடித்து, முடியை அளவு பார்ப்பது போலப் பார்த்து, புதுக் கத்தரிக்கோலால் நறுக்கினான். இரண்டையும் மாற்றி மாற்றிக் கோத்தோம். கரி சரியாகப் பிடிக்கவில்லை என்று கடையிலிருந்து ஹேர் டிரையரைக் கொண்டுவந்து ஊதினான் பாருங்கள், சாம்பல் முழுக்க என் தலையில்!

"அத்தைக்கு நரைச்சிடுச்சு!" என்று குழந்தை விழுந்து விழுந்து சிரித்தாள்.

"அது சாம்பல் இல்லம்மா, அத்தையோட சொந்த நரைதான். டை வெளுத்துப்போச்சு."

சோயா சாஸும் சர்க்கரையும் இஞ்சியும் போட்டுக் காய்ச்சியதைக் கடைசியில்தான் தடவ வேண்டும், இல்லாவிட்டால் சர்க்கரை கரிந்துவிடும். அவன் கை பரபரத்தது. இரண்டு தடவை தட்டிவிட்டேன். இந்த முறை கறி பூப்போல வெந்து, மேலே பளபளவென்று வந்தது.

குழந்தை ஊதி ஊதிக் கடித்தாள். நாங்கள் இருவரும் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"ஹோட்டலை விட இதுதான்ப்பா சூப்பர்!"

தம்பியின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! ஜெயித்துவிட்டோம் என்று நானும்தான் நினைத்தேன்.

அவள் தட்டைக் கீழே வைத்தாள். "அப்பா, நாளைக்கு நான் அம்மாகூடப் போறேன்னுதான் சொல்லப்போறேன்."

"ஏம்மா?" என்று நான்தான் கேட்டேன்.

"எனக்கு இங்கதான் புடிச்சிருக்கு அத்தை. ஆனா அம்மா தெனமும் பாத்ரூம்ல குழாயைத் தொறந்து விட்டுட்டு அழறாங்க. நானும் இல்லன்னா அவங்க பாவம். அப்பாவுக்குத்தான் ஒண்ணும் இல்லையே, எப்பவும் சிரிச்சுட்டேதானே இருக்காரு. அப்படித்தானேப்பா?"

அழுடா பாவி, ஒரு சொட்டாவது அவள் கண்முன்னால் அழுது தொலை என்று மனசுக்குள் கத்தினேன். அவன் அழாவிட்டால், ராத்திரியெல்லாம் தூங்காமல் கிடப்பதை நானே சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். அவன் என் மணிக்கட்டைப் பிடித்து, வலிக்கிற அளவுக்கு அழுத்தினான்.

"பின்ன? எனக்கென்ன கேடு? நீ போய் அம்மாவை நல்லாப் பாத்துக்கோ" என்று சிரித்தான்.

குழந்தை அதை அப்படியே நம்பினாள். முகம் தெளிந்து, குச்சியிலிருந்து ஒரு துண்டை உருவி அவன் வாயில் ஊட்டினாள். அவன் அதை மென்றுகொண்டே இருந்தான். விழுங்க முடியவில்லை.