தென்னை உச்சியில் நின்றவர்

1958-ஆம் வருஷம். கல்யாணமாகிப் புதுச்சேரி கருவடிக்குப்பத்துக்கு வந்து மூன்று மாதம்தான் ஆகியிருந்தது. புகுந்த வீட்டுக் கொல்லையில் கள்ளுக்கு விட்ட தென்னை நான்கு. அவற்றை ஒட்டியே ஓலைத் தட்டி மறைப்பு. அதுதான் குளிக்கிற இடம். மேலே கூரை கிடையாது.

கள் இறக்குகிறவருக்கு ஐம்பது வயதிருக்கும். இடுப்பில் அரிவாள், காலில் தளைக்கயிறு. காலையும் மாலையும் எங்கள் தெரு மரம் அத்தனையும் ஏறி இறங்குவார். ஏறுமுன், "மரம் ஏறுறேன்!" என்று கூவுவார். பெண்கள் உள்ளே போய்விட வேண்டும். குளிக்கிறவர்கள் "இருங்க!" என்றால் காத்திருப்பார். இறங்கியதும், "எறங்கிட்டேன்!" என்பார்.

அன்று மாமியார் கடைத்தெருவுக்குப் போயிருந்தார். நான் தலைக்குச் சீயக்காய் தேய்த்துக்கொண்டிருந்தபோது குரல் கேட்டது. புதுப்பெண், ஆம்பளைக்குக் கேட்கும்படி கத்துவதாவது! வாயை மூடிக்கொண்டு, அவசர அவசரமாகத் தண்ணீரை ஊற்றி, புடவையைச் சுற்றிக்கொண்டு உள்ளே ஓடினேன். பார்த்திருப்பாரோ? உடம்பெல்லாம் கூசியது. மனசுக்குள் அவரைத் திட்டித் தீர்த்தேன்.

உலை வைத்தேன். சோறும் வடித்தாயிற்று. "எறங்கிட்டேன்" மட்டும் வரவே இல்லை. விழுந்திருந்தால் சத்தம் கேட்டிருக்குமே? ஐயோ, கேட்காமல் போயிருந்தால்? ஓடிப்போய்க் கொல்லைக் கதவைத் திறந்தேன்.

மரத்தடியில் யாருமில்லை. அண்ணாந்து பார்த்தேன். உச்சியில் மரத்தைக் கட்டிப்பிடித்து, மட்டைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு நின்றிருந்தார். கால்கள் வெடவெடவென்று ஆடின.

நான் தண்ணீர் ஊற்றிய சத்தம் மேலே கேட்டிருக்கிறது. இறங்க வேண்டுமானால் கீழே பார்க்க வேண்டும். நான் போய்விட்டேன் என்று அவருக்கு யார் சொன்னது?

வெட்கமாவது ஒன்றாவது! "அண்ணே, நான் உள்ள வந்துட்டேன்! எறங்குங்க!" என்று தெருவுக்கே கேட்கும்படி கத்தினேன்.

பாதி மரத்தில் ஒரு கால் வழுக்கியது. கடவுளே என்று கண்ணை மூடிக்கொண்டேன். எப்படியோ இறங்கித் தரையில் உட்கார்ந்துவிட்டார். கள்ளுக்கு வந்த கட்டெறும்பு கடித்து முகமே வீங்கியிருந்தது.

"ஒரு கொரல் குடுத்திருக்கக் கூடாதாண்ணே?" என்று அழுதேன்.

"கூப்ட்டா, பாத்துட்டேன்னு நெனைப்பியே தங்கச்சி" என்றார். நான் கொடுத்த தண்ணீரைக் குடித்துவிட்டு, அடுத்த மரத்தடிக்குப் போய், "மரம் ஏறுறேன்!" என்று கூவினார்.

"ஏறுங்கண்ணே!" என்றேன், அழுகையோடு.

என் மானத்தைக் காக்க ஒரு மனிதர் உயிரைப் பிடித்துக்கொண்டு நின்ற நேரத்தில், நான் அவரையே திட்டிக்கொண்டு சோறு வடித்திருக்கிறேனே, அது இன்றைக்கும் தொண்டையில் முள்ளாக நிற்கிறது.