பீர்க்கங்கூடு தண்ணீர் குடிக்குமா?

எழுபதுகளின் கடைசியில், செந்துறைப் பக்கம் ஒரு பள்ளியில் அறிவியல் ஆசிரியையாகச் சேர்ந்த புதிது. அரியலூரிலிருந்து தினமும் பஸ்ஸில் போய் வருவேன். ஒன்பதாம் வகுப்புக்குக் கடற்பஞ்சு பற்றிய பாடம். பிள்ளைகள் யாரும் கடலையே பார்த்ததில்லை. பள்ளியிலும் காட்ட எதுவும் இல்லை. அதனால் பீர்க்கங்காய் முற்றிக் காய்ந்தால் கிடைக்கும், குளிக்கும்போது தேய்த்துக்கொள்ளும் பீர்க்கங்கூடு ஒன்றை எடுத்துப் போய், "இதோ பாருங்க, இதுதான்" என்று தூக்கிக் காட்டினேன். வாய் கிடையாது, வயிறு கிடையாது, இருந்த இடத்தை விட்டு நகராது. ஆனாலும் அது விலங்குதான், உடம்பெல்லாம் உள்ள துளைகளால் தண்ணீரை இழுத்து, அதிலிருக்கும் இரையை எடுத்துக்கொண்டு, மேலே உள்ள பெரிய துளை வழியாக வெளியே விட்டுவிடும் என்று விளக்கினேன்.

பரீட்சையில் ஒரு மாணவி, 'கடற்பஞ்சு வேலியில் படரும். மஞ்சள் பூ பூக்கும். அது ஒரு விலங்கு' என்று எழுதியிருந்தாள். சிரிப்பை அடக்க முடியாமல் வகுப்பில் வாசித்துக் காட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள். அவள் தலை நிமிரவே இல்லை. மறுநாளிலிருந்து பள்ளிக்கும் வரவில்லை.

நான்காம் நாள் மனசு கேட்காமல் அவள் வீட்டைத் தேடிப் போனேன். களையெடுத்துவிட்டு அப்போதுதான் திரும்பியிருந்தார் அவள் அம்மா.

"இனிமே பள்ளிக்கூடம் போமாட்டேன், ஒங்கூடக் கூலிக்கு வரேங்கறா டீச்சர். வேலியில காஞ்ச கூட்டையெல்லாம் யாரையும் தொடவுடல. உசுரு இருக்குன்னு நீங்க சொன்னீங்களாம். தண்ணிச் சட்டியில போட்டுட்டு, குடிக்குதா குடிக்குதான்னு பாத்துக்கிட்டே ஒக்காந்திருந்தா."

உள்ளே போய், சட்டி முன்னால் இருந்த அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"தப்பு எம்மேலதாம்மா. கடற்பஞ்சு இது மாதிரி இருக்கும்னு சொல்லியிருக்கணும். இதுதான்னு சொல்லிட்டேன்."

"அப்ப இது தண்ணி குடிக்காதா டீச்சர்?"

"இது குடிக்காது. கடல்ல இருக்கறதுதான்."

"வாயே இல்லாம, பசிச்சா அது யாருகிட்டச் சொல்லும்?" என்றாள்.

"நாளைக்கு வா, எல்லாருமாச் சேர்ந்து யோசிப்போம்" என்றேன்.

வந்தாள். அத்தனை பேர் முன்னாலும், தவறு என்னுடையது என்று சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. அவள் மட்டும் லேசாகச் சிரித்தாள்.

அதன்பிறகு எத்தனையோ ஆண்டுகள் பாடம் நடத்தி ஓய்வும் பெற்றுவிட்டேன். ஆனால் ஒரு குழந்தை எதையாவது வேடிக்கையாகச் சொல்லக் கேட்டால், யார் சொன்னதை இவ்வளவு நம்பிவிட்டது என்றுதான் இன்றும் முதலில் நினைக்கத் தோன்றுகிறது.