பிளம்பர் டெர்க் சொல்லாத சொல்

விற்பனை மேசைக்கு முன்னால் நின்று டெர்க் வாமெலிங்க் இரண்டு கைகளையும் உயர்த்துகிறார். இடது கையின் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் சேர்ந்து ஒரு வளையம். வலது கையில் இன்னொரு வளையம். இரண்டையும் மெல்ல நெருக்கி ஒட்டவைத்து, "இது. அரை அங்குலம். ஆறு" என்கிறார்.

குழாய்ச் சாமான் கடைக்காரர் டோனிக்கு அது என்னவென்று தெரியும். தெரிந்தும் அசைய மாட்டார்.

"ஆறு என்ன? வாயத் தொறந்து சொல்லுய்யா."

"அதான் காட்டுறேனே."

"முப்பத்தஞ்சு வருஷமா காட்டிட்டே இருக்க. ஒரு நாள் சொல்லிப் பாரேன், நாக்கா அழுகிரும்? இது வசவு இல்லய்யா, பித்தளை!"

கடையில் இருக்கிறவர்கள் சிரிப்பார்கள். டெர்க்கும் சேர்ந்து லேசாகச் சிரித்துவிட்டு, கன்னத்துக்குள் ஒதுக்கியிருக்கும் அதிமதுர மிட்டாயை மறுபக்கம் தள்ளிக்கொண்டு காத்திருப்பார். குழாயோடு குழாயைச் சேர்க்கும் கப்ளிங்குக்கு டச்சு மொழியில் மோஃப் என்று பெயர். ஜெர்மன்காரனைக் கேவலமாகச் சொல்வதற்கும் அதே மோஃப்தான். நெதர்லாந்தின் எல்லையூரான டின்க்ஸ்பெர்லோவில் பிளம்பராக இருந்துகொண்டு அந்தச் சொல் இல்லாமல் ஒரு நாளை ஓட்டுவது, பேக்கரி வைத்திருப்பவர் மாவு என்று சொல்லாமல் இருப்பதைப் போன்றது. டெர்க் அப்படித்தான் ஓட்டுகிறார்.

வியாபார நயம் என்று ஊர் நினைக்கிறது. அவருடைய வாடிக்கையாளர்களில் பாதிப் பேர் தெருவுக்கு எதிர்ப்பக்கம் இருக்கிறார்கள், எதிர்ப்பக்கம் ஜெர்மனி. இந்த ஓரத்தில் நடந்தால் ஒரு நாடு, அந்த ஓரத்து வாசற்படியில் கால் வைத்தால் இன்னொரு நாடு. பனிமூட்டம் இறங்கும் காலைகளில் தெருவுக்கு ஒரே ஒரு கரைதான் இருக்கும். மறு கரையிலிருந்து பால் பாத்திரத்தின் ஓசையும் யாரோ செருமுவதும் மட்டும் மிதந்து வரும். டெர்க்குக்கு அந்தக் காலைகள் பிடிக்கும். சைக்கிளைத் தள்ளிக்கொண்டு, எந்த நாட்டில் நடக்கிறோம் என்று பார்க்காமல் கடைசி வீடு வரை போய்த் திரும்புவார்.

நெடிய ஆள். கழுவுதொட்டிகளின் அடியில் புகுந்து புகுந்து முதுகு கொக்கி போல் வளைந்துவிட்டது. எந்த வீட்டுக்குப் போனாலும் முதலில் பெட்டியைத் திறக்க மாட்டார். சுவரில் காதை வைத்துக் கண்ணை மூடிக்கொண்டு நிற்பார். ஐந்து நிமிடம், பத்து நிமிடம். தூங்கிவிட்டாரோ என்று வீட்டுக்காரப் பெண்கள் காபியைக் கொண்டுவந்து மூக்கருகே நீட்டிப் பார்த்ததுண்டு. "இந்த வீட்ல தண்ணி தயங்குது" என்பார் கண் திறவாமலேயே. எங்கே தயங்குகிறது என்று விரலால் தொட்டும் காட்டிவிடுவார். அவர் மனைவி ஹெர்மின் இதை ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பாள்: "எங்கிட்ட பேசுனதவிட ஊர்ச் செவுத்துகிட்ட பேசுனதுதான் அதிகம். நான் ஒரு செவுராப் பொறந்திருக்கலாம்."

ஊரில் அந்தச் சொல் எங்கும் புழங்குகிறது. டெர்க்கின் அப்பா அதை உப்பைப் போலப் பயன்படுத்தினார், ஒவ்வொரு வேளைச் சாப்பாட்டிலும். போர்க்காலத்தில், நாற்பத்து நாலில், ஜெர்மன் படையினர் அவரைப் பிடித்துக்கொண்டு போய் ஜெர்மனியின் ரூர் பகுதியில் ஆலை ஒன்றில் வேலை வாங்கினார்கள். அடுத்த வருஷம் மே மாதம், ஒரு காது செவிடாகிக் கால்நடையாகவே வீடு திரும்பினார். அதன் பிறகு அவர் வாயில் ஜெர்மன்காரர் என்ற சொல்லே வந்ததில்லை. உருளைக்கிழங்கு சிறுத்திருந்தால் மோஃப் தின்ற மிச்சம். மழை கிழக்கிலிருந்து வந்தால் மோஃப் மழை. அவர் சொன்னபோது அது வசவாகக்கூட ஒலிக்கவில்லை, மூச்சிரைப்பைப் போல இருந்தது.

ஹெர்மினின் அத்தை வேறு விதம். எதிர்ப்பக்கத்துக் கடையில் வாங்கிய துணி துவைக்கும் இயந்திரத்தைத் தட்டிக்கொடுத்து, "மோஃப் சாமான்தான், ஆனா என்னமா உழைக்குது!" என்பாள். எண்பத்தெட்டில் கால்பந்தாட்டத்தில் நெதர்லாந்து ஜெர்மனியை ஜெயித்த அன்று இளவட்டங்கள் தெருவில் வரிசையாக நின்று எதிர்ப்பக்க ஜன்னல்களைப் பார்த்து அந்தச் சொல்லையே பாட்டாகப் பாடினார்கள். மறுநாள் காலையில் அதே இளவட்டங்கள் அங்கே பெட்ரோல் போடப் போனார்கள். அங்கிருந்தவர்கள் வழக்கம்போல் இங்கே காபித்தூள் வாங்க வந்தார்கள். "நல்லா ஆடுனீங்கப்பா" என்றார்கள். யாரும் யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. அன்று டெர்க் வேலைக்குப் போகவில்லை. உடம்பு சரியில்லை என்று சொல்லிவிட்டு, வீட்டுக் குழாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தார்.

அவருக்குள் ஒரு கோடைக்காலம் கிடந்தது. நாற்பத்தெட்டாம் வருஷம், டெர்க்குக்கு ஏழு வயது. அப்போது தெருவின் நீளத்துக்கு முள்கம்பி வேலி. இந்தப் பக்கம் சிறுவர்கள். அந்தப் பக்கம் மூலை வீட்டில், அண்ணனின் கால்சட்டையை வெட்டிப் போட்டுக்கொண்ட ஒரு சிறுமி. இரண்டு பக்கமும் பேசுவது ஒரே நாட்டுப்புறப் பேச்சுதான். கோழியைக் கூப்பிடுவதுகூட ஒரே மாதிரி. ஒரு நாள் பெரிய பையன்கள் பின்னால் நின்று முதுகில் குத்த, டெர்க் வேலியைப் பார்த்துக் கத்தினான்: "மோஃப்!"

அவள் வேலியருகே வந்து, "அப்படின்னா என்ன?" என்று கேட்டாள்.

கோபமாக வந்திருந்தால் அவன் ஓடியிருப்பான். நிஜமாகவே கேட்டாள். அந்தச் சொல்லுக்கு இன்னோர் அர்த்தமும் உண்டு. பனிக்காலத்தில் சீமாட்டிகள் இரண்டு கைகளையும் நுழைத்துக்கொள்ளும் மென்மயிர் உறை. "கையில போட்டுக்கிறது. மெத்துமெத்துன்னு இருக்கும். கதகதன்னு" என்றான். அவள் கொஞ்சம் யோசித்துவிட்டுச் சிரித்தாள்.

அன்றிலிருந்து அது அவளுடைய பெயராகிவிட்டது. "மோஃப்!" என்று கூப்பிட்டால் மூலை வீட்டுக்குள்ளிருந்து வேலிக்கு ஓடி வருவாள். வேலிக்கு அடியில் ஆப்பிள் உருண்டு போகும், கண்ணாடிக் கோலி உருண்டு வரும். அவள் ஓடி வரும் ஒவ்வொரு தடவையும் பையன்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அவனும் சிரித்தான். இலை உதிரும் காலத்தில் ஒரு நாள், அவள் அம்மா வாசலிலேயே அவளை ஓங்கி அறைந்து கையைப் பிடித்து உள்ளே இழுத்துப்போவதைப் பார்த்தான். யாரோ அர்த்தத்தைச் சொல்லிவிட்டார்கள் என்று புரிந்தது. அதன் பிறகு அவள் வரவில்லை. அடுத்த வருஷம் வேலியைப் பிடுங்கினார்கள். மூலை வீட்டில் அவள் இல்லை. அவன் வளர்ந்து, குழாய் வேலை கற்று, முதல் நாளே அந்தச் சொல்லுக்குப் பதிலாகக் கைகளை உயர்த்தினான்.

இந்தத் தொண்ணூற்றேழு ஜனவரியில் வந்த குளிருக்கு வாய்க்கால்களெல்லாம் கண்ணாடியாகி, நாடே பனிச்சறுக்குக் காலணிகளைத் தேடி எடுத்தபோது, டெர்க் மட்டும் வீடு வீடாக வெடித்த குழாய்களைத் தேடிக்கொண்டிருந்தார். ஒரு பிற்பகல் ஹெர்மின் தொலைபேசியை வைத்துவிட்டு ஒரு துண்டுத் தாளை நீட்டினாள்.

"எதிர்ப்பக்க மூலை வீடு. லூக்கன் அம்மாவாம். அவங்க அப்பா அம்மா வீடாம், வீட்டுக்காரர் தவறிப்போகவும் திரும்பி வந்திருக்காங்க. சமையக்கட்டு பூரா தண்ணியாம்."

டெர்க் தாளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"என்னப்பா, அதுலயும் காத வச்சுக் கேக்கப் போறியா? கெளம்பு!"

கதவைத் திறந்தவள் நரைத்த தலையும் ரப்பர் காலணியுமாக இருந்தாள். "வாங்க வாங்க, நீந்தித்தான் வரணும்" என்று அந்தப் பழைய பேச்சிலேயே சொன்னாள். அவர் முகம் கொடுக்காமல் உள்ளே போனார். வீட்டுத் தண்ணீரையெல்லாம் நிறுத்தும் தலைவால்வு நிலவறையில் துருப்பிடித்துக் கிடந்தது, பாதிதான் மூடியது. கழுவுதொட்டிக்கு அடியில் மல்லாந்து படுத்து, பிளந்த பகுதியை அறுத்து எடுத்தார். எடுத்த கணம் வால்வு கொஞ்சம் விட்டுக்கொடுத்துவிட்டது. உருகின பனியின் குளிர்ச்சியோடு தண்ணீர் முகத்தில் அறைந்தது. இரண்டு உள்ளங்கையாலும் இரண்டு முனைகளையும் பொத்திக்கொண்டார்.

"பெட்டியிலேர்ந்து... அந்த... அத எடுங்க!"

"எத?"

"ரெண்டு குழாயச் சேக்குறது!"

அவள் பெட்டியில் கையை விட்டுத் துழாவினாள். ஒரு வளைவுக் குழாயைக் காட்டினாள். இல்லை. ஒரு திருகுமூடி. இல்லை. ஒரு வாஷரைக் காட்டினாள். கைகள் குழாயில் இருந்ததால் காட்டிச் சொல்லவும் வழியில்லை. விரல்கள் மரத்துக்கொண்டு வந்தன. தண்ணீர் காதுக்குள் புகுந்து எல்லாச் சத்தத்தையும் தூரமாக்கியது.

"பேரச் சொல்லுங்களேன், ஐயா! பேரு இல்லாம எப்படித் தேடுறது?"

டெர்க் கண்ணை மூடினார்.

"மோஃப்" என்றார்.

துழாவும் ஓசை நின்றது. தண்ணீர் மட்டும் பேசிக்கொண்டிருந்தது. பிறகு ரப்பர் காலணிகள் தண்ணீரில் சளக் சளக்கென்று நெருங்கின. அவள் தரையில் மண்டியிட்டு, அவர் கைகளுக்கு நடுவே பித்தளை வளையத்தை நுழைத்தாள். அவர் பிடிக்க, அவள் திருகினாள். தண்ணீர் சீறி, முனகி, அடங்கியது.

டெர்க் எழுந்து உட்கார்ந்தார். இருவரும் ஈரத் தரையிலேயே இருந்தார்கள். ஜன்னலில் பனி பூத்திருந்ததால் வெளியே தெருவும் தெரியவில்லை, எதிர்ப்பக்கமும் தெரியவில்லை. அறைக்குள் வெளிச்சம் பாலில் கரைந்ததுபோல் இருந்தது.

"வாமெலிங்க் வீட்டுப் பையன்" என்றாள் அவள். "கதவத் தொறந்தப்பவே தெரியும். நீதான் நிமிர்ந்தே பாக்கல."

"என்னாலதான் உனக்கு அன்னைக்கு அடி விழுந்துச்சு."

"எந்த அடி?"

"உங்கம்மா. வாசல்ல."

அவள் நெற்றியைச் சுருக்கி யோசித்தாள். "அதுவா! சோப்புக்கட்டியத் தொலைச்சுட்டேன். ஒரு மாசத்துக்கு அந்த ஒரு கட்டிதான். அதுக்கு அடிக்காம வேற எதுக்கு அடிப்பாங்க? அப்புறம் அம்மாவுக்கு நெஞ்சுச்சளி வந்துச்சு, என்னையச் சித்தி வீட்டுக்கு அனுப்பிட்டாங்க."

டெர்க் ஈரத் தொப்பியைக் கழற்றிப் பிழிந்தார். நாற்பத்தெட்டு வருஷம் சுமந்த அந்த அடி தன்னால் விழுந்ததல்ல என்று தெரிந்தும் மனம் லேசாகவில்லை. எங்கே இறக்கிவைப்பது என்று தெரியாமல் தடுமாறியது.

"அப்ப உனக்குக் கடைசி வரைக்கும் தெரியாதா? அப்படின்னா என்னன்னு?"

"மொதல் நாளே தெரியும். அண்ணன் சொல்லிட்டான்."

"தெரிஞ்சுமா ஓடி வந்த?"

"வந்தேன்." அவள் கையில் ஒட்டியிருந்த துருவைப் பாவாடையில் துடைத்தாள். "அந்தத் தெருவுல என்னைய வேற யாரு கூப்பிட்டா?"

"நான் உங்கிட்ட பொய் சொன்னேன்."

"பொய் இல்ல. அகராதியில அதுவும்தான் இருக்கு. பின்னால பாத்தேன். ஆனா அர்த்தம் உன் வாயிலயா இருந்துச்சு? பின்னாடி நின்னு சிரிச்சானுங்களே, அவனுங்க மூஞ்சியில இருந்துச்சு. உன் மூஞ்சியிலயும் பாதி இருந்துச்சு. மீதிப் பாதிக்குத்தான் நான் ஓடி வந்தேன்."

அவர் அறுத்தெடுத்த குழாய்த் துண்டை எடுத்துப் பெட்டிக்குள் போட்டார். "வலிச்சுதா?" என்றார்.

"வலிக்காம? இன்னைக்கும் பின்னாலேர்ந்து யாராச்சும் சத்தமாக் கூப்பிட்டா திரும்ப மாட்டேன். எங்க வீட்டுக்காரருக்கு அது பெரிய கொறை. சந்தையில என்னையத் தொலைச்சுட்டுக் கத்திக்கிட்டே இருப்பாரு, நான் பாட்டுக்குப் போயிட்டே இருப்பேன்." சொல்லிவிட்டு அவள் சிரித்தாள், பிறகு சிரிப்பை நிறுத்தி அவரையே பார்த்தாள். "ஒரு கோடை பூராக் கூப்பிட்டியே. எம் பேரு என்னன்னு ஒரு நாளாச்சும் கேட்டியா?"

டெர்க் கேட்டதில்லை. ஆப்பிள் உருட்டியிருக்கிறார், கோலி வாங்கியிருக்கிறார், இத்தனை வருஷம் ஒரு சொல்லை நாக்கில் படாமல் பார்த்துக்கொண்டிருக்கிறார். பெயரைக் கேட்டதில்லை.

"ரோஸ்விதா" என்றாள்.

அவர் கழுவுதொட்டியின் விளிம்பைப் பிடித்து எழுந்தார். வளைந்த முதுகு முடிந்த மட்டும் நிமிர்ந்தது. நனைந்து ஒட்டியிருந்த முடியை விரல்களால் ஒதுக்கிக்கொண்டார். வலது கையைக் கால்சட்டையில் ஒரு தடவை துடைத்தார். போதவில்லை என்று தோன்ற, திருப்பி இன்னொரு தடவை துடைத்தார். பிறகு, முதன்முதலாக அறிமுகமாகும் எவரிடமும் அந்த ஊர்க்காரர்கள் செய்வதைப் போல, கையை நேராக அவளிடம் நீட்டினார்.

"வாமெலிங்க்" என்றார். "டெர்க் வாமெலிங்க்."