தண்ணீர் குடிக்கிற காட்சி

சினிமாக்காரனுக்கு வாய் சாமர்த்தியம் ஒரு சாபம். எனக்கு அது கொஞ்சம் கூடுதலாகவே இருந்தது. ஐம்பதுகளில் பட முதலாளிகள் கதை எழுதுகிறவர்களைச் சீசனுக்குக் குற்றாலத்துக்கு அனுப்பிவிடுவார்கள். சாரலில் கற்பனை ஊறுமாம். எனக்கு ஜலதோஷம்தான் பிடித்தது.

எழுதுவதைவிட, எழுதியதைச் சொல்லிக் காட்டுவதுதான் எங்கள் பிழைப்பு. விநியோகஸ்தர்கள் ஜமுக்காளத்தில் உட்கார்ந்திருக்க, நான் எழுந்து நின்று அத்தனை பாத்திரமாகவும் நடித்துச் சொல்வேன். அதற்கு முன்னால், நான் தங்கியிருந்த பங்களாவின் சமையல்காரரிடம் சொல்லிப் பார்த்துவிடுவேன். பக்கத்து ஊரான வடகரைக்காரர், என்னைவிட இரண்டு வயது இளையவர். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டால் கதை தேறிவிட்டது என்று அர்த்தம்.

பிறருக்கு எழுதி எழுதி அலுத்துப்போய், அறுபதுகளில் நானே பணம் போட்டுப் படம் எடுக்கத் துணிந்தேன். ஜெயிலிலிருந்து வீடு திரும்பும் அப்பனை மகளுக்கு அடையாளம் தெரியவில்லை. யாரோ வழிப்போக்கன் என்று நினைத்து ஒரு தம்ளர் தண்ணீர் கொடுக்கிறாள். மொத்தப் படமும் அந்த ஒரு காட்சியை நம்பித்தான். சொன்ன இடத்திலெல்லாம் அழுதார்கள். சமையல்காரர் அடுப்பை மறந்து சோற்றைத் தீயவிட்டார். படம் ஓடாவிட்டால் மறுபடியும் அடுத்தவன் வாசலில்தான் நிற்க வேண்டும் என்று தெரிந்தும், அந்த அழுகையை நம்பி இறங்கினேன்.

தென்காசியில் படம் வந்த அன்று மேட்னிக்கு அவரையும் கூட்டிக்கொண்டு போனேன். அந்தக் காட்சி வந்தது. நடிகர் தம்ளரை வாங்கினார், மடமடவென்று குடித்தார், திருப்பிக் கொடுத்தார். பின்னால் ஒருவர் கொட்டாவி விட்டார். எனக்கு முன்னால் இருந்த இரண்டு பேர் முறுக்கு வாங்க எழுந்து போனார்கள்.

வெளியே வந்ததும் கேட்டேன். "ஏன்வே, உமக்குமா அழுகை வரல?"

"பொய் சொல்ல மாட்டேன் அண்ணாச்சி, வரல. நீங்க சொல்லுதப்ப தம்ளர வாங்கிட்டுக் குடிக்கவே மாட்டியளே! கை நடுங்கும், அந்தப் புள்ள மொகத்தயே பாத்துக்கிட்டு நிப்பியளே. இங்கன அந்த ஆளு தாகத்துக்குல்லா குடிக்கான்!"

அறைக்குத் திரும்பிக் காகிதத்தைப் புரட்டினேன். 'தண்ணீரை வாங்கிக் குடிக்கிறான்' என்றுதான் எழுதியிருந்தேன். கை நடுங்கியது எனக்கே தெரியாமல் நடந்த காரியம். நடிகரைக் குறை சொல்ல வழியில்லை.

படம் ஒரு வாரம்கூடத் தாங்கவில்லை. அடுத்த சீசனில் அதே பங்களா, வேறொரு முதலாளி, வேறொரு கதை. எழுந்து நின்று சொன்னேன். ஜமுக்காளத்தில் இருந்தவர்கள் அழுதார்கள், கதவோரம் நின்ற சமையல்காரரும் அழுதார். இனி யார் அழுதாலும் நம்ப எனக்குத் தெம்பில்லை. உட்கார்ந்துவிட்டேன்.

அவர் கண்ணைத் துடைத்தபடியே ஒரு தம்ளர் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினார். வாங்கி மடமடவென்று குடித்தேன். தாகம்தான், வேறொன்றுமில்லை.