பத்து நாற்பதுக்கு ஒரு கையெழுத்து

அலுவலகத்தில் அவருக்கு மணிக்கூண்டு என்று பெயர். தபால் பிரிவில் பத்தொன்பது வருடம். காகிதம் எதுவானாலும் வாங்கிய கையோடு கையெழுத்து, தேதி, மணி, நிமிடம் எல்லாம் போட்டுவிடுவார். கல்யாணப் பத்திரிகையின் மூலையிலும் மணி போட்ட மனுஷன் என்று கேலி செய்வார்கள். பொய்யில்லை, போட்டிருக்கிறார்.

அந்தப் பழக்கம்தான் வினையாய் வந்தது. கெடு முடிந்து வந்த ஒரு விண்ணப்பத்துக்கு முந்தின நாள் தேதி போடச் சொன்னார் அதிகாரி. இவர் மாட்டேன் என்றார். அடுத்த மாதமே முந்நூற்றைம்பது கிலோமீட்டர் தள்ளி இடமாற்றம். இவர் ஒண்டிக்கட்டை என்றால் பெட்டியைக் கட்டியிருப்பார். தாயில்லாத மகள் இருக்கிறாள், அவளுக்குக் காது கேட்காது. சைகையில் பாடம் சொல்லித்தரும் பள்ளிக்கூடம் இந்த ஊரில் மட்டும்தான். பத்தாம் வகுப்பு, பரீட்சைக்கு ஐந்து மாதம். யாரிடம் விட்டுவிட்டுப் போவது?

வழக்குப் போட்டார். வக்கீலம்மா படித்துப் படித்துச் சொன்னார்: "இடமாற்றத்துக்குக் கோர்ட்டுத் தடை வர்ற வரைக்கும் விடுவிப்பு உத்தரவைக் கையில வாங்காதீங்க. வாங்கிக் கையெழுத்துப் போட்டா இங்க உங்களுக்கு வேலை இல்லைன்னு ஆயிடும். அப்புறம் தடை வந்தும் பிரயோஜனமில்ல."

"லீவு போட்டுடட்டுமா?"

"போட்டா வீட்டுக் கதவுல ஒட்டிட்டுப் போயிடுவாங்க. சீட்லயே இருங்க. அதை மட்டும் தொடாதீங்க."

விசாரணை நாளன்று காலையிலிருந்து யாராவது கையில் ஒற்றைக் காகிதத்தோடு வந்தால் எழுந்து கழிவறைக்குப் போய்விடுவார். நான்கு தடவை போனதும் பக்கத்து மேசைக்காரி கேட்டாள்: "வயித்துக்கு என்னண்ணே?"

"புளியக் கரைக்குதும்மா."

பத்தரை தாண்டித் தினசரித் தபால் கட்டு வந்தது. ஒவ்வொன்றிலும் இரண்டு பிரதி. ஒன்று இங்கே தங்கும், மற்றது கையெழுத்தோடு மேலே அதிகாரியிடம் திரும்பும். கொண்டுவந்தவர் நின்றபடி காத்திருந்தார். இவருக்குக் கண்ணெல்லாம் கைபேசியில், கை மட்டும் காகிதத்தில். சரசரவென்று போட்டுத் தள்ளினார். ஒற்றைக் காகிதத்துக்கு ஓடத் தெரிந்தவருக்குக் கட்டைப் பார்த்து ஓடத் தெரியவில்லை. அதிகாரிக்கு அது தெரிந்திருந்தது.

பதிவேட்டில் எண் ஏற்றிக்கொண்டே வந்த பக்கத்து மேசைக்காரி பதினேழாவது காகிதத்தில் நின்றாள். "அண்ணே, இது உங்க பேருக்கு வந்த விடுவிப்பு உத்தரவு."

அவர் வாங்கிப் பார்த்தார். கீழே அவருடைய கையெழுத்து. மணி 10.40.

பதினொன்று பத்துக்கு வக்கீலம்மா கூப்பிட்டார். "தடை கிடைச்சாச்சு சார். பதினோரு மணி வரைக்கும் விடுவிக்கலைன்னா அங்கயே தொடரலாம்னு நீதிபதி சொல்லிட்டார். எதுவும் வாங்கலையே?"

"வாங்கிட்டேம்மா."

"எப்போ?"

"பத்து நாப்பது. மணி போட்டிருக்கேன்."

"அப்போ இந்தத் தடை உங்களுக்கு உதவாது சார்" என்று வைத்துவிட்டார் வக்கீலம்மா.

"பூஜ்யத்தை ரெண்டாக்குங்க, பன்னெண்டு நாப்பது ஆயிடும்" என்று கிசுகிசுத்துப் பேனாவை நீட்டினாள் பக்கத்து மேசைக்காரி. அதிகாரிக்காக ஒரு தேதியை மாற்ற மறுத்தவர் பேனாவை வாங்கினார். ஆமாம், வாங்கினார். பெற்ற மகளுக்காக ஒரு சுழி போட்டால் என்ன குறைந்துவிடும்? ஆனால் இன்னொரு பிரதி எப்போதோ மேலே போய்விட்டது. பேனாவைத் திருப்பிக் கொடுத்தார்.

சாயங்காலம் மகள் வாசலிலேயே நின்றிருந்தாள். 'நீதிபதி முடியாதுன்னுட்டாரா?' என்று கையால் கேட்டாள்.

பொய் சொல்ல வரவில்லை. 'இல்லம்மா, சரின்னுதான் சொன்னார்' என்று காட்டினார். மேற்கொண்டு சொல்ல அவர் கையை எடுப்பதற்குள் அவள் முகமெல்லாம் சிரிப்பாகி, அடுத்த தெருவிலிருக்கும் தோழியிடம் சொல்லத் திரும்பி ஓடினாள்.

"நில்லும்மா, நான் இன்னும் முடிக்கல" என்று அவர் அவள் முதுகைப் பார்த்துக் கத்திக்கொண்டே பின்னால் ஓடினார்.